அட்டையில் எழுதப்படாத ஒரு வரி

2019ஆம் ஆண்டு ஜனவரி மாதம் அது. கராம்பு பறிக்கும் காலம். மடவளையில் எங்கள் சாச்சாவின் வீட்டைச் சுற்றியுள்ள தோட்டத்தில் ஐந்தாறு கராம்பு மரங்களும், மிளகுக் கொடிகளும், ஒரு சாதிக்காய் மரமும் இருக்கின்றன. தும்பறைப் பகுதியில் இது பெரிய தோட்டம் அல்ல. எல்லா வீடுகளிலும் காணக்கூடிய தோட்டம்தான். மஃரிபுக்குச் சற்று முன்னர், மரத்தடிச் சருகுகளுக்கிடையே சிந்திக் கிடந்த கராம்பைப் பொறுக்கிக்கொண்டிருந்த சாச்சாவுக்கு, வலது கணுக்காலுக்கு நான்கு விரற்கடை மேலே ஏதோ சுருக்கென்று குத்தியது. குனிந்து பார்த்தார். எதுவும் தென்படவில்லை. மம்மல் பொழுது; கண்பார்வையும் முன்போல் இல்லை.

"முள்ளொண்டு குத்தின மகன், இதுக்கெல்லாம் ஆஸ்பத்திரிக்குப் போறதா?" என்று என்னிடம் தொலைபேசியில் கேட்டார். நானும் அப்போது கொழும்பில், பத்திரிகை அலுவலகத்தில், பக்கம் முடிக்கும் அவசரத்தில் இருந்தேன். "எதுக்கும் ஒருக்காப் போய்க் காட்டிட்டு வாங்க சாச்சா" என்று சொல்லிவிட்டுத் தொலைபேசியை வைத்துவிட்டேன்.

அன்றிரவு அவருடைய மகன் முச்சக்கர வண்டியில் ஏற்றிக்கொண்டு அருகிலிருந்த ஒரு வைத்தியசாலைக்குப் போனார். வெளிநோயாளர் பிரிவில் நீண்ட வரிசை. முறை வந்தபோது சாச்சா தமக்குத் தெரிந்த சிங்களத்தில், "கட்டுவக் எனுனா" என்றார். முள் குத்திவிட்டது என்று பொருள். காயத்தைக் கழுவி, மருந்து கட்டி, ஏற்புவலிக்கான ஊசியும் ஏற்றி அனுப்பிவிட்டார்கள். கையில் கொடுத்த துண்டில் இரண்டே சொற்கள் எழுதப்பட்டிருந்தன: காயம், கால்.

மறுநாள் காலையில் முழங்கால் வரை வீக்கம். மூன்றாம் நாள் சிறுநீர் குறைந்து, நிறமும் மாறிவிட்டது. வேறொரு வைத்தியசாலைக்குக் கொண்டு சென்றோம். அங்கிருந்த வைத்தியர் கட்டை அவிழ்த்து, காலை வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தார். அருகருகே இரண்டு சிறிய துளைகள். "முள் ஒரே நேரத்தில் இரண்டு இடத்தில் குத்துமா?" என்று கேட்டார். அந்தக் கேள்வியை மூன்று நாட்களாக நாங்கள் எவரும் கேட்டிருக்கவில்லை.

கோப்பி விரியனாக இருக்கலாம் என்பது அவருடைய சந்தேகம். பாம்பை எவரும் காணவில்லையாதலால் அதை நான் நிச்சயமென்று சாதிக்கப்போவதில்லை. சிறுநீரகங்கள் செயலிழந்து, நான்கு தடவை இயந்திரத்தின் மூலம் இரத்தச் சுத்திகரிப்பு செய்த பின்னர், பத்தொன்பதாம் நாள் சாச்சா வீடு திரும்பினார். இன்றும் மாதாந்தம் சிகிச்சை நிலையத்துக்குப் போய் வருகிறார். வீடு திரும்பியபோது தந்த அட்டையை வாங்கிப் பார்த்தேன். நோய் என்ற இடத்தில், 'சிறுநீரகத் திடீர்ச் செயலிழப்பு' என்ற பொருளில் ஆங்கிலத்தில் எழுதியிருந்தார்கள். காலைப் பற்றியோ, அதிலிருந்த துளைகளைப் பற்றியோ, பாம்பு பற்றிய சந்தேகத்தைப் பற்றியோ ஒரு சொல்லும் இல்லை.

உயிர் பிழைத்துவிட்டாரே, அட்டையில் எதை எழுதினால்தான் என்ன என்று வாசகர்கள் கேட்கலாம். அந்த அட்டை அதன்பின் எங்கே போகிறது என்று விசாரித்தறிந்த பிறகுதான் இதை எழுதவேண்டும் என்ற எண்ணம் எனக்கு ஏற்பட்டது.

நமது அரச வைத்தியசாலைகளில் தங்கிச் சிகிச்சை பெறும் நோயாளியின் படுக்கை அட்டை, அவர் வீடு சென்ற பின்னர் பதிவறைக்குப் போகிறது. அங்கிருக்கும் மருத்துவப் பதிவு அலுவலர், வைத்தியர் இறுதியாக எழுதிய நோயின் பெயரை வாசித்து, அதற்குரிய குறியீட்டைத் தேடிப் பதிகிறார். அக்குறியீடுகள் யாவும் கொழும்பிலுள்ள சுகாதார அமைச்சின் மருத்துவப் புள்ளிவிபரப் பிரிவைச் சென்றடைகின்றன. இந்த ஆண்டு இத்தனை பேருக்கு இன்ன நோய் என்று அமைச்சு வெளியிடும் கணக்கு அவற்றிலிருந்துதான் பிறக்கிறது. எந்த மருந்தை எவ்வளவு வாங்குவது, எந்த வைத்தியசாலைக்கு எந்த வசதி தேவை என்ற தீர்மானங்களும் அக்கணக்கைப் பார்த்தே எடுக்கப்படுகின்றன.

இந்தக் குறியீடுகள் உலகத்துக்கே பொதுவானவை. 1893இல் சிக்காகோ நகரில் நடைபெற்ற சர்வதேசப் புள்ளிவிபர நிறுவகத்தின் கூட்டத்தில், ஜாக் பெர்த்தியோன் என்ற பிரெஞ்சுப் புள்ளிவிபரவியலாளர் மரணக் காரணங்களுக்கான ஒரு பட்டியலை முன்வைத்தார். 1948இல் உலக சுகாதார நிறுவனம் அப்பணியைப் பொறுப்பேற்றது. அதன் பத்தாவது திருத்தம் 1990இல் ஏற்றுக்கொள்ளப்பட்டது. 2019இல் ஏற்றுக்கொள்ளப்பட்ட பதினோராவது திருத்தம் 2022 ஜனவரி முதலாந் திகதி நடைமுறைக்கு வந்தது.

பத்தாவது திருத்தத்தின்படி ஒரு காலின் காயம் எவ்வாறு எழுதப்படுகிறது என்று பாருங்கள். முழங்காலுக்குக் கீழே திறந்த காயம் என்றால் 'எஸ் 81'. அதிலும் முழங்கால் என்றால் 'எஸ் 81.0', அதற்குக் கீழ்ப்பட்ட பகுதி என்றால் 'எஸ் 81.8'. ஆனால் இது பாதிக் கதைதான். காயம் எதனால் வந்தது என்பதற்கு வேறொரு குறியீடும் சேர வேண்டும். நாய் கடித்தால் 'டபிள்யூ 54'. நச்சுப்பாம்பு தீண்டினால் 'எக்ஸ் 20'. பாம்பின் நஞ்சு உடலில் ஏறியிருந்தால் 'டி 63.0'. சம்பவம் வீட்டில் நடந்ததா, வயலிலா, வீதியிலா என்பதற்கும் ஓர் இலக்கம் உண்டு. என்ன, எங்கே, எதனால் என்ற மூன்று கேள்விகளுக்கும் விடை இருந்தால்தான் குறியீடு முழுமை பெறும்.

சாச்சாவின் விடயத்தில் என்ன நடந்தது? முதலாவது வைத்தியசாலையில் அவர் வெளிநோயாளர். வெளிநோயாளருக்கு நோய்வாரியான இந்தத் தேசியக் கணக்கில் இடமில்லை; தங்கிச் சிகிச்சை பெறுவோர் மாத்திரமே அதில் அடங்குவர். இரண்டாவது வைத்தியசாலையில் அவர் 'என் 17', அதாவது சிறுநீரக நோயாளி. மடவளையில் 2019 ஜனவரியில் ஒருவருடைய காலில் ஏதோ ஒரு நச்சுப்பிராணி தீண்டியிருக்கக்கூடும் என்ற செய்தி எந்தப் பதிவேட்டிலும் ஏறவில்லை. அரசாங்கத்தின் கண்ணில் அப்படியொரு சம்பவமே நடக்கவில்லை.

இதே காலப்பகுதியில் அமெரிக்காவின் டெக்சாஸ் மாநிலத்தில் வேலை செய்யும் என் சகோதரியின் மகனுக்கும் காலில் ஒரு துளை விழுந்தது. வீட்டுத் திருத்த வேலையின்போது பலகையில் நீட்டிக்கொண்டிருந்த ஆணி கெண்டைக்காலில் ஏறிவிட்டது. மருத்துவமனையில் அரை மணி நேரம், ஓர் ஊசி, ஒரு கட்டு. ஆனால் காப்புறுதி நிறுவனம் பணம் தர மறுத்துப் பற்றுச்சீட்டைத் திருப்பி அனுப்பிவிட்டது. காரணம், எந்தக் கால் என்று குறிப்பிடப்படவில்லையாம்! அமெரிக்கா தனக்கென விரித்தெழுதிக்கொண்ட பட்டியலில் வலது காலுக்கு ஒன்று, இடது காலுக்கு இரண்டு, குறிப்பிடாத காலுக்கு ஒன்பது. 'எஸ் 81.839 ஏ' என்று இருந்ததை 'எஸ் 81.831 ஏ' என்று திருத்தி அனுப்பிய பின்னர் பணம் வந்தது. அந்தக் குறியீட்டைப் பிரித்து வாசித்தால், முழங்காலுக்குக் கீழே, வலது காலில், உள்ளே அந்நியப் பொருள் எதுவும் தங்காத குத்துக்காயம், முதற்கட்டச் சிகிச்சை என்று பொருள். அங்கு ஒரு குத்துக்காயத்துக்கு இவ்வளவு விபரம் கேட்கிறார்கள்.

2015 ஒக்டோபர் முதலாந் திகதி அமெரிக்காவில் நடைமுறைக்கு வந்த அப்பட்டியலில் ஏறத்தாழ 70,000 குறியீடுகள் உள்ளன. ஆமை கடித்தால் ஒன்று, ஆமை மோதினால் இன்னொன்று என்று போகிறது அது. அவர்களை இந்த அளவுக்குத் துல்லியமாக்கியது பணம் என்பதையும் நாம் மறந்துவிடலாகாது. குறியீடு இல்லையேல் கொடுப்பனவு இல்லை.

இதிலுள்ள வேடிக்கையை வாசகர்கள் கவனிக்க வேண்டும். அமெரிக்கர்களின் இந்தக் காயங்களுக்குக் குறியீடு இடும் வேலையைச் செய்பவர்களில் கணிசமானோர் சென்னையிலும் திருச்சியிலும் கோயம்புத்தூரிலும் கணினி முன் அமர்ந்திருக்கும் தமிழ் இளைஞர் யுவதிகள். முகம் தெரியாத அமெரிக்கரின் காலில் ஆணி குத்தியது வலதிலா இடதிலா என்று இரவிரவாகத் தேடிப் பதிவது அவர்களது தொழில். ஆனால் அவர்களுடைய சொந்த ஊர் வயல்வரப்பில் தகப்பனின் காலில் பட்ட பல், எந்தக் கணக்கிலும் வராமல் போய்விடலாம்.

இதை மிகைப்படுத்திச் சொல்வதாக எவரும் எண்ண வேண்டாம். இலங்கையில் 2012, 2013ஆம் ஆண்டுகளில் களனிப் பல்கலைக்கழக ஆய்வாளர்களை உள்ளடக்கிய குழுவொன்று நாடு முழுவதும் வீடுவீடாகச் சென்று ஒரு கணக்கெடுப்பை நடத்தியது. 165,000க்கு மேற்பட்டவர்களின் விபரங்கள் திரட்டப்பட்டன. 2016இல் வெளியான முடிவுகளின்படி, ஓர் ஆண்டில் நாட்டில் ஏறத்தாழ 80,000 பேரைப் பாம்பு தீண்டுகிறது. ஏறத்தாழ 30,000 பேருக்கு நஞ்சு ஏறுகிறது. 400க்கு மேற்பட்டோர் இறக்கின்றனர். அரச வைத்தியசாலைகளின் பதிவுகளோ தீண்டப்பட்டோரின் தொகையை ஏறத்தாழ அதன் பாதி அளவில்தான் காட்டி வந்தன. எஞ்சிய பாதிப்பேர் எங்கே? சிலர் நாட்டு வைத்தியரிடம் போயிருப்பார்கள். சிலர் எங்கும் போயிருக்க மாட்டார்கள். இன்னும் சிலர் சாச்சாவைப் போல, வைத்தியசாலைக்குப் போயும் பதிவேட்டுக்குப் போகாதவர்கள்.

இந்தியாவில் இடைவெளி இன்னும் பெரிது. 2020இல் வெளியான ஆய்வொன்று, 2000 முதல் 2019 வரையான இருபது ஆண்டுகளில் அங்கு பாம்புக்கடியால் இறந்தோர் ஏறத்தாழ 12 இலட்சம் என்று மதிப்பிட்டது. ஆண்டுக்குச் சராசரியாக 58,000 பேர். அரசாங்க வைத்தியசாலைகளின் கணக்கு இதில் ஒரு சிறு துளியளவுதான். உலக சுகாதார நிறுவனம் 2017இல்தான் பாம்புக்கடியைப் புறக்கணிக்கப்பட்ட வெப்பவலய நோய்களின் பட்டியலில் சேர்த்தது என்பதையும் இங்கு குறிப்பிட வேண்டும்.

எண்ணிக்கை குறைந்தால் என்ன நடக்கும்? கோப்பி விரியனையே எடுத்துக்கொள்வோம். இலங்கையில் மனிதரை மிக அதிகமாகத் தீண்டும் நச்சுப்பாம்பு இதுதான். நாகமோ கண்ணாடி விரியனோ அல்ல. ஒரு முழத்துக்குச் சற்றே கூடக்குறைய நீளம். காய்ந்த சருகின் நிறம். மூக்கு நுனி சற்று மேல்நோக்கி வளைந்திருக்கும். மலைநாட்டு வீட்டுத்தோட்டங்களின் சருகுகளுக்குள் அசையாமல் கிடக்கும். பெரும்பாலும் பாதத்திலும் கணுக்காலை அண்டியுமே தீண்டும். பலருக்கு வலியும் வீக்கமும் மாத்திரமே ஏற்படுகின்றன. ஆனால் ஒரு சிலருக்குச் சிறுநீரகம் பாதிக்கப்படுகிறது, இரத்தம் உறைவது குழம்புகிறது, மரணங்களும் நிகழ்ந்துள்ளன.

நம் நாட்டில் பயன்படுத்தப்படும் விஷமுறிவு மருந்து இந்தியாவில் தயாரிக்கப்படுவது. நாகம், கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் ஆகிய நான்கு பாம்புகளின் நஞ்சுக்கு எதிராகவே அது உருவாக்கப்படுகிறது. கோப்பி விரியனின் நஞ்சை அது முறிப்பதில்லை. நமக்கென்று ஒரு மருந்து வேண்டுமானால், இத்தனை ஆயிரம் பேருக்கு இது தேவை என்று கணக்குக் காட்ட வேண்டும். சர்வதேசக் குறியீடான 'டி 63.0' பாம்பின் நஞ்சு என்று மாத்திரம் சொல்கிறது. எந்தப் பாம்பு என்று சொல்வதில்லை. ஆகவே குறியீடு சரியாக விழுந்தால்கூடக் கோப்பி விரியன் அதற்குள் மறைந்துவிடுகிறது. வைத்தியர் அட்டையில் தனியாக எழுதினால் தவிர, அதைக் கண்டுபிடிக்க வேறு வழியில்லை.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். அந்தப் பட்டியலில் வீட்டுத்தோட்டம் 'வீடு' என்ற வகைக்குள் அடங்குகிறது. வயலும் பண்ணையும் வேறு. சாச்சாவின் காயம் முறையாகப் பதியப்பட்டிருந்தாலும், அது வீட்டில் நேர்ந்த விபத்தாகவே கணிக்கப்பட்டிருக்கும். கராம்பு அவருடைய வருமானம். அந்த மாலைப்பொழுது அவருடைய வேலைநேரம். கண்டி மாவட்டத்தில் ஆயிரக்கணக்கான குடும்பங்களுக்கு வீட்டுத்தோட்டமே தொழிற்களம் என்பதை ஜெனீவாவில் பட்டியலிட்டவர்கள் அறியமாட்டார்கள். நாம்தான் எழுதிச் சேர்க்க வேண்டும்.

மொழியின் பங்கையும் இங்கு மறைக்க முடியாது. நோயாளி தமிழில் நினைக்கிறார். அரைகுறைச் சிங்களத்தில் சொல்கிறார். வைத்தியர் ஆங்கிலத்தில் எழுதுகிறார். பதிவு அலுவலர் அதை எழுத்தும் இலக்கமுமாக மாற்றுகிறார். இத்தனை படிகளில் ஏதாவது ஒன்றில் கால் இடறுவது இயல்பே. "ஏதோ குத்தின மாதிரி இருந்தது, என்னவென்று காணவில்லை" என்பதைச் சிங்களத்தில் சொல்லச் சாச்சாவுக்குச் சொற்கள் இல்லை. முள்ளுக்குச் சொல் இருந்தது. ஆகவே முள் என்றார். தமிழ் பேசும் ஓர் உத்தியோகத்தர் அந்த இரவில் அங்கு இருந்திருந்தால் இன்னும் இரண்டு கேள்விகள் கேட்கப்பட்டிருக்கக்கூடும்.

கணக்கெடுத்தால் பயன் உண்டா என்று ஐயுறுவோருக்கு விசர்நாய்க்கடியின் வரலாறு நல்ல விடையாகும். 1973இல் இலங்கையில் 377 பேர் நீர்வெறுப்பு நோயால் இறந்தனர். அண்மைக் காலத்தில் அத்தொகை பெரும்பாலான ஆண்டுகளில் இருபது முப்பது என்ற அளவுக்குக் குறைந்துள்ளது. நாய்களுக்கான தடுப்பூசியும், கடிபட்டவர்களுக்கு அரச வைத்தியசாலைகளில் இலவசமாகக் கிடைக்கும் ஊசியும் இதற்குப் பிரதான காரணங்கள். நாய் கடித்ததும் எங்கே, யாருடைய நாய், தடுப்பூசி போட்டதா, இப்போது உயிரோடிருக்கிறதா என்று கேட்பது நம் வைத்தியசாலைகளில் பழக்கமாகிவிட்டது. நாயின் பல்லுக்குக் கேட்கும் கேள்விகளை, கண்ணுக்குத் தெரியாமல் குத்திய பல்லுக்கும் கேட்கலாமே!

தமிழ்நாட்டு அரசு 2024 நவம்பரில் பாம்புக்கடியை அறிவிக்கப்பட வேண்டிய நோயாகப் பிரகடனப்படுத்தியது. அரச, தனியார் மருத்துவமனைகள் இரண்டுமே அதைத் தெரியப்படுத்த வேண்டும். இது நாமும் பின்பற்றத்தக்க முன்மாதிரியாகும். குறிப்பாக, தனியார் வைத்தியசாலைகளும் நமது தேசிய நோய்க்கணக்குக்கு வெளியே நிற்கும் நிலையில் இதன் அவசியத்தை விரித்துரைக்க வேண்டியதில்லை.

வைத்தியர்களின் பக்க நியாயத்தையும் சொல்லிவிட வேண்டும். ஒரு காலைப்பொழுதில் நூற்றுக்கு மேற்பட்ட நோயாளரைப் பார்க்கும் ஓர் இளம் வைத்தியரிடம் போய், அமெரிக்காவைப் போல வலதா இடதா என்று எழுதவில்லையே என்று குறைகூறுவது அநீதியாகும். எழுபதாயிரம் குறியீடுகள் நமக்குத் தேவையுமில்லை. அங்கு அவை கொடுப்பனவைக் கூட்டிக் காட்டுவதற்கும் பயன்படுத்தப்படுகின்றன என்ற குற்றச்சாட்டும் உண்டு. நான் கேட்பது ஒரு வரி மாத்திரமே. காலில் குத்துக்காயத்தோடு வரும் எவருக்கும், எதனால் என்பது தெரியாவிட்டால் 'எதனால் என்று தெரியவில்லை, பாம்பாகவும் இருக்கலாம்' என்று எழுதும் ஒரு வரி. அப்படி ஒரு வரி அன்றிரவு எழுதப்பட்டிருந்தால், சாச்சாவை வீட்டுக்கு அனுப்பாமல் ஒரு நாள் வைத்துப் பார்த்திருப்பார்கள். எழுதுவதற்காகக் கேட்கப்படும் கேள்வி, சிகிச்சைக்கும் வழிகாட்டுகிறது.

நான் பத்திரிகைத் தொழிலுக்கு வந்த முதல் வாரத்தில் எனது செய்தி ஆசிரியர் சொல்லித்தந்த பாடம் ஒன்று உண்டு. யார், என்ன, எங்கே, எப்போது, எப்படி, ஏன் என்ற கேள்விகளுக்கு விடையில்லாத தாளை என் மேசைக்குக் கொண்டு வராதே என்பார். முப்பது ஆண்டுகளாக அதைப் பின்பற்றியதாக நினைத்துக்கொண்டிருந்தேன். பழைய கோப்புகளைப் புரட்டியபோது வெட்கமாக இருந்தது. 'பாம்பு தீண்டி விவசாயி பலி' என்று எத்தனையோ செய்திகளைப் பக்கத்தின் மூலையில் நானே போட்டிருக்கிறேன். எந்தப் பாம்பு, உடலில் எந்த இடத்தில், எத்தனை மணி நேரம் கழித்து வைத்தியசாலைக்குப் போனார் என்று ஒன்றிலாவது கேட்டதில்லை. அட்டையில் இரண்டு சொல் எழுதிய வைத்தியரைக் குறைசொல்லும் தகுதி எனக்கு முழுமையாக இல்லை.

வாசகர்களிடம் இறுதியாக ஒரு வேண்டுகோள். தோட்டத்திலோ வயலிலோ காலில் ஏதாவது குத்தினால், காணாத ஒன்றை முள் என்று நீங்களே தீர்ப்புக் கூறிவிடாதீர்கள். காயத்தைக் கீறாதீர்கள், வாயால் உறிஞ்சாதீர்கள், கயிற்றால் இறுக்கிக் கட்டாதீர்கள். பாம்பைத் துரத்திப் பிடிக்கவும் போகாதீர்கள். காலை அதிகம் அசைக்காமல் உடனே வைத்தியசாலைக்குப் போங்கள். காணவில்லை என்றால் காணவில்லை என்றே சொல்லுங்கள். மொழி தடையாக இருந்தால், தெரிந்த ஒருவரைக் கூட அழைத்துச் செல்லுங்கள். நீங்கள் சொன்னது அட்டையில் எழுதப்பட்டுள்ளதா என்று கேட்டுப் பாருங்கள். அது உங்கள் உரிமை.

சாச்சா இப்போதும் கராம்பு பொறுக்கப் போகிறார். நாங்கள் வாங்கிக் கொடுத்த நீண்ட றப்பர் சப்பாத்தை, எவராவது பார்த்துக்கொண்டிருந்தால் மாத்திரமே போடுகிறார்.